கொல்லிப்பாவையும் திரைப்பாவையும்: கே. தவமணி தேவியின் திரைவாழ்வு – ஒரு மறுவாசிப்பு

ஆய்வுச் சுருக்கம்

தமிழ்ப் பேசும்படத்தின் முதல் இருபது ஆண்டுகளில் சேலம், சென்னை, கோவை ஆகிய படப்பிடிப்பு மையங்களில் உருவான படங்களில் நடித்தும் பாடியும் புகழ்பெற்றவர் யாழ்ப்பாணத்தைச் சேர்ந்த கே. தவமணி தேவி. இன்று அவர் பெயர் பெரும்பாலும் ஆடை குறித்த சில துணுக்குச் செய்திகளின் வழியாகவே நினைக்கப்படுகிறது. அவர் முதன்முதலாக நடித்த படத்தை எடுத்த சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் நிறுவனம் அமைந்த அன்றைய சேலம் மாவட்டத்திற்குள்ளேயே, சங்கப் பாடல்கள் போற்றும் கொல்லிமலையும் இருந்தது. அம்மலையின் பாவையைக் குறித்த சங்கப் பாடல்களில் பெண்ணுருவைக் காணும் இருவேறு முறைகள் உள்ளன. ஒன்று, காண்பவனின் வேட்கையையும் அச்சத்தையும் உருவத்தின்மேல் ஏற்றிக் காண்பது. மற்றொன்று, பாடி உழைக்கும் பெண்ணையும் அவள்மீது ஊர் கூறும் பழியையும் ஒருசேரக் காண்பது. தவமணி தேவியின் திரைவாழ்வு இதுவரை முதல் முறையிலேயே எழுதப்பட்டது என்பதையும், இரண்டாம் முறையில் அதனை வாசிக்கும்போது அவர் ஒரு கலைத்தொழிலாளராக வெளிப்படுகிறார் என்பதையும் இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

திறவுச்சொற்கள்: கொல்லிப்பாவை, தொடக்ககாலத் தமிழ்த் திரைப்படம், தவமணி தேவி, மாடர்ன் தியேட்டர்ஸ், அகலிகை, வனமோகினி, நடிகையர் வரலாறு.

1. முன்னுரை

தமிழ்த் திரைப்பட வரலாறு நெடுங்காலம் ரசிகர் நினைவாகவும் இதழ்த் துணுக்காகவுமே நிலவிவந்தது. சு. தியடோர் பாஸ்கரன் போன்றோரின் ஆய்வுகளுக்குப் பின்னரே அது கல்விப்புலத்தின் கவனத்திற்குரிய துறையாயிற்று. ஆயினும் அவ்வரலாற்றில் படமுதலாளிகள், இயக்குநர்கள், பாடகநடிகர்கள் ஆகியோர் பெற்ற இடத்தை நடிகையர் பெறவில்லை. 1931ஆம் ஆண்டு அக்டோபர் 31 அன்று வெளிவந்த ‘காளிதாஸ்’ படத்தின் நாயகியும், பின்னர் ‘மிஸ் கமலா’ (1936) படத்தைத் தாமே இயக்கியவருமான டி. பி. ராஜலட்சுமி ‘முதல்வர்’ என்னும் சிறப்பினால் நினைக்கப்படுகிறார். எம். எஸ். சுப்புலட்சுமி இசையுலகப் பெருமையினால் நினைக்கப்படுகிறார். இவ்விரு வகைக்குள்ளும் அடங்காத நடிகையர் பலர் பெயரளவிலேயே எஞ்சியுள்ளனர்.

அவர்களுள் ஒருவர் கே. தவமணி தேவி. 1937 முதல் 1940களின் இறுதிவரை புராணப் படம், காட்டுக்கதைப் படம், அரசகுலக் கற்பனைப் படம் என அக்காலத்தின் முதன்மையான படவகைகள் பலவற்றில் அவர் நடித்தார். அப்படங்களில் அவர் ஏற்ற வேடங்களை வரிசைப்படுத்தினால் அவற்றிடையே ஓர் ஒழுங்கு புலப்படும். அகலிகை, மேனகை, வனமோகினி, நாயகனைக் கவர முயலும் அரசி என அவை யாவும் ‘மயக்கும் பெண்’ என்னும் ஒரே படிமத்தின் வேறுபாடுகளாகும். இப்படிமம் திரைப்படம் புதிதாகப் படைத்ததன்று. தமிழ் மரபில் அதற்கு மிகப் பழைய வடிவம் ஒன்று கொல்லிமலையில் உண்டு.

2. கொல்லிப்பாவை: இரு பார்வைகள்

1997இல் நாமக்கல் தனி மாவட்டமாகும் வரை கொல்லிமலை சேலம் மாவட்டத்தின் பகுதியாக இருந்தது. சங்க காலத்தில் வல்வில் ஓரி ஆண்ட மலை இது. மலையமான் திருமுடிக்காரி ஓரியைக் கொன்று மலையைச் சேரனுக்கு உரிமையாக்கிய செய்தியைச் சங்கப் பாடல்கள் கூறும். இம்மலையின் மேற்குப் பக்கத்தில் தெய்வத்தால் அல்லது பூதத்தால் ஆக்கப்பட்ட பாவை ஒன்று இருந்ததாக நற்றிணையும் குறுந்தொகையும் குறிப்பிடுகின்றன. கண்டாரைச் சிரித்து மயக்கிக் கொல்லும் பொறிப்பாவை என்னும் விளக்கம் பிற்கால மரபில் வளர்ந்தது. மலைமீதுள்ள எட்டுக்கை அம்மனைக் கொல்லிப்பாவையாகக் கொண்டு வழிபடும் வழக்கமும் உண்டு.

சங்கப் பாடல்களில் பாவை தனித்த பாடுபொருளாக வருவதில்லை. தலைவிக்கு உவமையாகவே வருகிறது. எனவே பாவை எவ்வாறு இருந்தது என்பதைவிட, யார் யாரை எந்நிலையில் பாவையோடு ஒப்பிடுகின்றனர் என்பதே இங்குக் கருதத்தக்கது.

நற்றிணை 185ஆம் பாடலில் தலைவியை அடையப்பெறாது வருந்தும் தலைவன், தெய்வம் இயற்றிய பாவையைப் போல் அவள் தன்னைக் கொல்லக் கருதிவிட்டதாகக் கூறுகிறான். கொல்லும் எண்ணம் தலைவியிடம் இருந்ததற்குப் பாடலில் சான்று ஏதுமில்லை. அது தலைவனின் துன்பம் அவள்மீது ஏற்றிய எண்ணமாகும். நற்றிணை 201ஆம் பாடலில் காற்று மோதினும், மழை விரைந்து பொழியினும், இடி தாக்கினும், நிலமே அதிரினும் தன் அழகு கெடாத பாவையைப் போலக் குறவர் மகளாகிய தலைவி தன் நெஞ்சைவிட்டு நீங்காதிருக்கிறாள் என்கிறான் தலைவன். இங்கும் உருவம் நிலைபெறும் இடம் காண்பவனின் நெஞ்சமே. குறுந்தொகை 100ஆம் பாடலில் கபிலர் ஓரியின் கொல்லிப் பாவையைத் தலைவியின் மடப்பத்திற்கும் அடைதற்கு அருமைக்கும் சார்த்துகிறார். இம்மூன்றிலும் பேசுபவன் தலைவன், பாவையாக்கப்பட்டவள் பேசுவதில்லை.

பரணர் பாடிய குறுந்தொகை 89ஆம் பாடல் இவற்றினின்று வேறுபடுகிறது. அதில் கொல்லிப்பாவைக்கு ஒப்பிடப்படும் இளம்பெண் உரலில் தானியம் குற்றுகிறாள். குற்றும்போது வள்ளைப்பாட்டுப் பாடுகிறாள். அப்பாட்டைக் கேட்டு அயலார் குறைகூறுகின்றனர். அவர்கள் பேச்சுக்காக வருந்துவது ஏன் என்று கேட்கும் குரல், அந்த ஊரையே அறியாமையுடையது என்கிறது. பாவை இங்கு அசையாத உருவமாக இல்லை. அவளுக்கு வேலை உண்டு, குரல் உண்டு, அக்குரலுக்கு எதிராக எழும் அலரும் உண்டு.

‘பாவை’ என்னும் சொல்லே இவ்விரு பார்வைகளுக்கும் இடமளிக்கிறது. அது செய்யப்பட்ட உருவத்தைக் குறிக்கும், பெண்ணையும் குறிக்கும், கண்ணின் மணியையும் குறிக்கும். காணப்படுவதற்கும் காண்பதற்கும் ஒரே சொல் வழங்குவது தமிழின் நுட்பம். திரைப்பட நடிகையைக் குறித்துச் சிந்திக்க இதனினும் பொருத்தமான சொல் அரிது.

3. சேலத்தின் திரைச்சூழல்

தமிழ்ப் பேசும்படங்கள் தொடக்கத்தில் பம்பாய், கல்கத்தா நகரங்களின் படப்பிடிப்புக் கூடங்களையே நம்பியிருந்தன. 1930களின் நடுப்பகுதியில் அந்நிலை மாறத் தொடங்கியது. அம்மாற்றத்தில் சேலத்திற்குத் தனியிடம் உண்டு. திருச்செங்கோட்டைச் சேர்ந்த டி. ஆர். சுந்தரம் இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் நெசவுத்தொழிற்கல்வி பயின்று திரும்பியவர். ஏஞ்சல் பிலிம்ஸ் நிறுவனத்தாருடன் சேர்ந்து படத்தொழிலைத் தொடங்கிய அவர், பின்னர்ச் சேலத்தில் ஏற்காடு செல்லும் வழியில் மாடர்ன் தியேட்டர்ஸை நிறுவினார். நூற்றுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்த அந்நிறுவனம் மலையாளத்தின் முதல் பேசும்படமான ‘பாலன்’ (1938), தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமான ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ (1956) ஆகியவற்றை அளித்தது.

தொழிற்சாலைக்குரிய ஒழுங்குடன் படமெடுத்தவர் என்று சுந்தரம் அறியப்படுகிறார். நேரக்கட்டுப்பாடு, மாத ஊதியம் பெறும் கலைஞர்கள், ஒரே வளாகத்தில் எல்லாத் துறைகளும் என்னும் அமைப்பு நாடகக் குழுக்களின் பழக்கத்திலிருந்து வேறுபட்டது. நடிகையின் உழைப்பு இவ்வமைப்பில் நேரத்தால் அளக்கப்படும் பணியாயிற்று. அதே வேளையில் அவருடைய உருவம் விளம்பரத்தின் வழியே நுகர்பொருளாகவும் ஆயிற்று. இவ்விரண்டும் ஒன்றாக நிகழ்ந்த களத்திலேயே தவமணி தேவி முதன்முதலில் தோன்றினார்.

4. யாழ்ப்பாணத்திலிருந்து சேலத்திற்கு

தவமணி தேவி யாழ்ப்பாணத்து இணுவிலைச் சேர்ந்தவர். படித்த குடும்பத்தில் பிறந்து, இசையும் நடனமும் கற்கும் பொருட்டுத் தமிழகம் வந்தவர். இப்பின்னணி அக்கால நடிகையர் பலரின் பின்னணியிலிருந்து வேறுபட்டது. மௌனப்படக் காலத்தில் பெண் வேடங்களை ஏற்க முன்வந்தோரில் ஆங்கிலோ-இந்தியப் பெண்கள் குறிப்பிடத்தக்க அளவில் இருந்தனர். பேசும்படம் வந்தபோது தமிழ் பேசவும் பாடவும் வல்லோர் தேவைப்பட்டமையால், நாடகமேடையிலிருந்தும் இசைவேளாளர் குடும்பங்களிலிருந்தும் நடிகையர் வந்தனர். நடிப்பைப் பெண்ணுக்குத் தகாத தொழிலாகக் கருதிய சமூகம் இவ்விரு பிரிவினரையும் ஏற்கெனவே விளிம்பில் நிறுத்தியிருந்தது. யாழ்ப்பாணத்துப் படித்த குடும்பப் பெண் ஒருவர் திரைக்கு வந்தது, அச்சமூகம் தன் வசதிக்காக வரைந்து வைத்திருந்த எல்லையைக் குலைத்தது.

இக்குலைவைச் சமாளிக்க விளம்பர மொழி கண்ட வழிகளுள் ஒன்று, அவரை அயலவராக்குவது. அவர் ‘சிங்களத்துக் குயில்’ என்று அழைக்கப்பட்டார். இலங்கையைச் சிங்களம் என்று குறிப்பது அக்காலத் தமிழக வழக்கே. எனினும் தமிழ்ப் பெண் ஒருவரை அப்பெயரால் சுட்டியபோது அவருடைய ‘புதுமை’ கடல்கடந்து வந்த ஒன்றாகக் காட்டப்பட்டது. உள்ளூர்ப் பெண்ணுக்குப் பொருந்தாதன எனக் கருதப்பட்ட துணிச்சலும் நாகரிகமும் அயல்நாட்டுக் குயிலுக்குப் பொருந்தலாம் என்னும் ஏற்பாடு அதனுள் அடங்கியிருந்தது. கொல்லிப்பாவையைப் பூதமோ தெய்வமோ இயற்றியதாகக் கூறிய மரபும் இத்தகையதே. ஈர்ப்பும் அச்சமும் ஒருங்கே தரும் உருவத்தின் பிறப்பிடம் தம் ஊருக்கு வெளியே இருக்க வேண்டும் என்று காண்போர் விரும்புகின்றனர்.

அப்பட்டத்திலுள்ள ‘குயில்’ என்னும் பகுதி வேறொன்றைச் சொல்கிறது. 1930களின் படங்களில் நடிப்பவரே பாட வேண்டும். ஏவி. மெய்யப்பனின் ‘நந்தகுமார்’ (1938) படத்தின்வழிப் பின்னணிப் பாடல் முறை தமிழில் அறிமுகமாயினும், அது பொதுவழக்காவதற்குப் பல ஆண்டுகள் சென்றன. அதுவரை நாயகி என்பவர் பயிற்சி பெற்ற பாடகியாகவும் இருந்தாக வேண்டியிருந்தது. குறுந்தொகை 89 காட்டும் பெண்ணைப் போல, தவமணி தேவியின் பாட்டு அவருடைய வேலையின் ஒரு பகுதி.

5. ‘சதி அகல்யா’: கல்லும் படமும்

மாடர்ன் தியேட்டர்ஸின் முதல் படமான ‘சதி அகல்யா’ 1937இல் வெளிவந்தது. டி. ஆர். சுந்தரம் இயக்கிய இப்படத்தின் நாயகி தவமணி தேவி.

அகலிகையின் உருவைக் காண்பது தமிழர்க்குப் புதிதன்று. பரிபாடலின் 19ஆம் பாடல் திருப்பரங்குன்றத்து எழுத்துநிலை மண்டபத்தை வருணிக்கிறது. அங்குத் தீட்டப்பட்ட ஓவியங்களைக் காண வந்தோர் இவன் காமன், இவள் இரதி என்று கேட்டும் விடைகூறியும் நிற்கின்றனர். பூனையுருக் கொண்ட இந்திரன், அகலிகை, சினம் கொண்ட கௌதமன், அச்சினத்தால் அவள் கல்லுருவான நிலை ஆகியவற்றை ஒருவர்க்கொருவர் சுட்டி விளக்குகின்றனர். கதையறிந்தவர் அறியாதவர்க்குப் படத்தைச் சொல்லிக்காட்டும் இக்காட்சி, மௌனப்படக் கொட்டகைகளில் திரையருகே நின்று கதையை எடுத்துரைத்த விளக்குநரை நினைவூட்டுவது. கூட்டமாக நின்று பெண்ணின் வீழ்ச்சியைப் படமாகக் காணும் பழக்கம், திரைப்படத்திற்கு மிக முன்பே தமிழில் பதிவாகியுள்ளது.

வான்மீகி காட்டும் அகலிகை கல்லாவதில்லை. ஆசிரமத்திலேயே எவர் கண்ணுக்கும் புலப்படாதவளாய்ச் சாம்பலிற் கிடந்து தவம் செய்கிறாள். தமிழ் மரபோ பரிபாடல் முதல் கம்பர் வரை அவளைக் கல்லாகவே காட்டுகிறது. காணப்படாமை அங்குத் தண்டனை. காணப்படும் பொருளாக உறைந்துபோதல் இங்குத் தண்டனை. வந்தவன் யாரென உணர்ந்த பின்னும் அவள் விலக்காதிருந்ததைக் கம்பர் மறைக்கவில்லை. ஆகவே அவளுடைய உள்ளத்தில் நிகழ்ந்தது யாது என்னும் வினா தமிழில் என்றும் உயிருடன் இருந்தது. ‘சதி அகல்யா’ வெளிவந்த ஆறு ஆண்டுகளுக்குப் பின், 1943இல், புதுமைப்பித்தன் ‘சாபவிமோசனம்’ சிறுகதையில் அவ்வினாவை மீண்டும் எழுப்பினார். சீதை தீக்குளிக்க நேர்ந்ததை அறிந்த அகலிகை அக்கதையில் மறுபடியும் கல்லாகிறாள். 1930களும் 1940களும் அகலிகை மீண்டும் விவாதத்திற்குரியவளான காலம் என்பது இதனால் விளங்கும்.

இப்பின்னணியில், ‘சதி அகல்யா’ குறித்துத் திரைவரலாற்றுக் கட்டுரைகளில் திரும்பத் திரும்பச் சொல்லப்படும் செய்தி ஒன்றைக் காண வேண்டும். படம் வெளிவருமுன் சுந்தரம் இதழாளரை அழைத்துத் தம் நாயகியை அறிமுகப்படுத்தியபோது, நீச்சலுடையில் எடுக்கப்பட்ட அவருடைய நிழற்படங்களை அளித்தார் என்றும், புராணப் பத்தினியாக நடிப்பவரை அவ்வுடையில் கண்ட இதழாளர் திகைத்தனர் என்றும் அச்செய்தி கூறும். இது பெரும்பாலும் நடிகையின் துணிச்சலுக்கு எடுத்துக்காட்டாகவோ அவருடைய ஒழுக்கத்தின்மீதான குறிப்பாகவோ சொல்லப்படுகிறது. செய்தியின் அமைப்பை நோக்கினால் வேறு உண்மை தெரியும். அழைத்தவர் படமுதலாளி, படங்களை வழங்கியவர் அவரே, திகைத்தும் செய்தியைப் பரப்பியவர்கள் இதழாளர்கள். விளம்பரத்தின் பயன் நிறுவனத்தைச் சேர்ந்தது. அலர் மட்டும் நடிகையின் கணக்கில் எழுதப்பட்டது. அகலிகைக் கதையில் இந்திரன் விண்ணுலகு திரும்ப, கல்லானவள் அகலிகை ஒருத்தியே என்பது இங்கு ஒப்புநோக்கத்தக்கது.

படத்தின் தலைப்பும் இம்முரணை உட்கொண்டது. ‘சதி’ என்னும் அடைமொழி அகலிகையைப் பத்தினியர் வரிசையில் வைத்து அவளைக் காக்கிறது. விளம்பரமோ அவளைக் காட்சிப்பொருளாக்கி அழைக்கிறது. அடைமொழியும் விளம்பரமும் எதிரெதிர்த் திசையில் இழுக்க, இரண்டுக்கும் இடையில் நின்று பாடியும் நடித்தும் வேடத்தை நிறைவேற்ற வேண்டிய பொறுப்பு நடிகைக்கு இருந்தது.

6. ‘வனமோகினி’: குறிஞ்சிப் பெண்ணின் திரையுரு

1940இல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கி, எம். எஸ். சுப்புலட்சுமியும் ஜி. என். பாலசுப்பிரமணியமும் நடித்த ‘சகுந்தலை’ படத்தில் தவமணி தேவி மேனகையாகத் தோன்றினார். விசுவாமித்திரரின் தவத்தைக் கலைக்க விண்ணிலிருந்து அனுப்பப்பட்டவள் மேனகை. பெற்ற குழந்தையைக் காட்டில் விட்டுச் செல்பவளும் அவளே. அப்படத்தில் மகளின் தூய்மை ஒருவருக்கும் தாயின் மயக்கும் ஆற்றல் மற்றொருவருக்கும் எனப் பகிர்ந்தளிக்கப்பட்டது.

அடுத்த ஆண்டு வெளிவந்த ‘வனமோகினி’ (1941) தவமணி தேவியின் திரைவாழ்வில் முதன்மையானது. பின்னாளில் பகவான் தாதா என அறியப்பட்ட பம்பாய் இயக்குநர் பகவான் இயக்கிய இப்படத்தில் எம். கே. ராதா நாயகனாக நடித்தார். 1936இல் ஹாலிவுட்டின் பாரமவுண்ட் நிறுவனம் வெளியிட்ட ‘ஜங்கிள் பிரின்சஸ்’ படத்தில் டோரதி லாமோர் உடலைச் சுற்றிய ஒற்றைத் துணியுடன் காட்டுப் பெண்ணாகத் தோன்றியது உலகெங்கும் பரவிய படிமம். ‘வனமோகினி’ அப்படிமத்தைத் தமிழுக்குக் கொணர்ந்தது. தவமணி தேவி ஏற்ற காட்டுப் பெண்ணுக்கு யானையும் துணையாக வந்தது. லாமோர் பாணியை ஒத்த அவ்வுடையை நடிகையே வடிவமைத்துக்கொண்டார் என்னும் செய்தியும் வழங்குகிறது.

ஹாலிவுட்டின் தாக்கத்தைச் சுட்டுவதோடு இப்படத்தைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் முடிந்துவிடுகிறது. தமிழ்ப் பார்வையாளர் அதனை எதனோடு பொருத்திப் புரிந்துகொண்டிருப்பர் என்னும் வினா எழுப்பப்படுவதில்லை. காட்டில் வாழும் பெண்ணைத் தேடி வெளியிலிருந்து ஆடவன் வருவது குறிஞ்சித்திணையின் அடிப்படைக் கதையமைப்பு. வள்ளித்திருமணம் தமிழ் நாடகமேடையின் பெருவழக்கான கதை. 1933இல் வெளிவந்த ‘வள்ளி திருமணம்’ படத்தில் டி. பி. ராஜலட்சுமி வள்ளியாக நடித்து வெற்றிபெற்றிருந்தார். தினைப்புனம் காக்கும் வள்ளியைக் கண்டு பழகிய பார்வையாளருக்கு வனமோகினி முற்றிலும் அயலானவள் அல்லள்.

வேறுபாடும் உண்டு. வள்ளிக்குப் புனம் காக்கும் வேலை இருக்கிறது. கவணும் பரணும் இருக்கின்றன. கேட்டதற்கு எதிர்மொழி கூறும் வாய்வன்மை இருக்கிறது. வனமோகினியின் காட்டில் வேளாண்மை இல்லை. ‘மோகினி’ என்னும் பெயரே அவளைச் செயலால் அன்றிக் காண்போர்மீது விளைக்கும் விளைவால் வரையறுக்கிறது. நற்றிணை 185இன் தலைவன் காட்டிய பாவை இவ்வாறு திரையில் மீண்டும் எழுந்தாள்.

படத்தின் காட்டையும் உண்மையான மலையையும் ஒப்பிட்டால் இவ்விடைவெளி மேலும் தெளிவாகும். கொல்லிமலையில் வாழும் மலையாளிப் பழங்குடிப் பெண்கள் சாமை, கேழ்வரகு, தினை முதலிய பயிர்களை விளைவிப்போர். விதைப்பாதுகாப்பும் உணவு பக்குவமும் அவர்கள் கையில் இருந்துவந்தன. அம்மலை இருந்த மாவட்டத்தின் தலைநகரில் தமிழகத்தின் பெரிய படப்பிடிப்புத் தளங்களுள் ஒன்று இயங்கியது. எனினும் தமிழ்த் திரை கட்டியெழுப்பிய காட்டுப் பெண்ணின் உருவுக்கு முன்மாதிரி ஹாலிவுட்டிலிருந்து வந்தது. மலைப்பெண் தன் உழைப்புடன் திரையில் இடம்பெறவில்லை. நடிகையின் உழைப்பும் அவ்வுருவின் பின்னால் மறைந்தது. ஒரே பாவை இருவரையும் மறைத்தது.

நடிகையே தம் உடையை வடிவமைத்தார் என்னும் செய்தி இவ்விடத்தில் புதுப்பொருள் பெறுகிறது. தமக்கு அளிக்கப்படும் வேடங்களின் எல்லையை உணர்ந்த ஒருவர், அவ்வெல்லைக்குள் தம் உருவம் எவ்வாறு காணப்பட வேண்டும் என்பதைத் தாமே முடிவு செய்ய முயன்றதன் அடையாளமாக அதனைக் கொள்ளலாம். அகலிகையின் விளம்பரப் படத்தைப் படமுதலாளி வழங்கினார். வனமோகினியின் உடையை நடிகை அமைத்தார். 1937க்கும் 1941க்கும் இடைப்பட்ட இந்நகர்வு, பாவையானவள் சிற்பியின் உளியில் ஒரு பகுதியைத் தன் கையில் வாங்கிய நகர்வு எனலாம்.

7. நாயகியிலிருந்து எதிர்நாயகிக்கு

இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் படச்சுருள் தட்டுப்பாட்டினால் படங்களின் நீளத்திற்கு அரசு வரம்பு விதித்தது. தமிழ்ப் படங்களின் எண்ணிக்கை குறைந்தது. பாடல்களின் எண்ணிக்கையும் சுருங்கத் தொடங்கியது. போர் முடிந்த பின் வந்த படங்களில் வசனத்தின் செல்வாக்கு ஓங்கியது. பின்னணிப் பாடகியர் பெருகியதால், பாடத் தெரிந்த நடிகை என்னும் தகுதியின் சந்தைமதிப்பு குறைந்தது. தவமணி தேவியின் பிற்காலப் படங்களை இம்மாற்றங்களோடு சேர்த்தே மதிப்பிட வேண்டும்.

1946இல் ‘வித்யாபதி’, ‘ஆரவல்லி சூரவல்லி’ ஆகிய படங்களில் அவர் நடித்தார். 1947இல் கோவை சென்ட்ரல் ஸ்டூடியோவில் ஜுபிடர் நிறுவனம் எடுத்த ‘ராஜகுமாரி’ வெளிவந்தது. ஏ. எஸ். ஏ. சாமி இயக்கிய இப்படமே எம். ஜி. ராமச்சந்திரன் முதன்முதலாக நாயகனாக நடித்த படம் என்னும் சிறப்புடையது. இதில் நாயகி கே. மாலதி. நாயகனைத் தன்பால் ஈர்க்க முயலும் பெண்ணாகத் தவமணி தேவி தோன்றினார்.

பத்தாண்டுகளுக்குமுன் ‘சதி அகல்யா’வில் பத்தினியும் மயக்கும் பெண்ணும் ஒரே நடிகையின் உருவில் இணைந்திருந்தனர். அகலிகைக் கதையின் ஈரடித்தன்மை அதற்கு இடமளித்தது. ‘ராஜகுமாரி’யில் அவ்விரண்டும் இரு நடிகையருக்குரிய இரு வேடங்களாகப் பிரிந்துவிட்டன. வீரநாயகனை மையமாகக் கொண்ட படவகை தமிழில் காலூன்றிய அதே வேளையில் இப்பிரிவினையும் உறுதிப்பட்டது. நாயகனின் ஒழுக்கத்தை நிறுவுவதற்கு அவன் மறுத்து ஒதுக்கத்தக்க பெண் ஒருத்தி தேவைப்பட்டாள். பின்வந்த பல பத்தாண்டுகளில் தமிழ்ப்படங்களில் நிலைபெற்ற எதிர்நாயகி வேடத்தின் தொடக்க வடிவங்களுள் ஒன்று இது. எனவே தவமணி தேவியின் திரைவாழ்வு இறங்குமுகமானது என்று கூறுவதைவிட, படவகையின் மாற்றம் அவருக்குரிய இடத்தைச் சுருக்கியது என்று கூறுவதே பொருந்தும்.

8. நினைவும் மறதியும்

திரையுலகை விட்டு விலகிய தவமணி தேவி இராமேசுவரத்தில் குடியேறினார். அங்கே வேதியர் ஒருவரை மணந்து இறைவழிபாட்டில் ஈடுபட்ட அமைதியான வாழ்வை மேற்கொண்டார். 2001ஆம் ஆண்டு பிப்ரவரி 10 அன்று மறைந்தார்.

இப்பிற்கால வாழ்வைக் கதையாகச் சொல்வோர் அதனைக் கழுவாயாகச் சித்திரிக்க விரும்புவர். கவர்ச்சி நடிகை பக்தையானார் என்னும் சட்டகம் எளிதில் கைகொடுக்கும். இதுவும் அகலிகைக் கதையின் மறுபதிப்பே. கல் பெண்ணாவதற்குப் புனிதமான திருவடித் தூள் ஒன்று வேண்டும் என்னும் எதிர்பார்ப்பு அதனுள் உள்ளது. ஆனால் கழுவாய் தேவைப்படும் குற்றம் எதனையும் நடிகை செய்யவில்லை. கற்ற கலையைக் கொண்டு ஊதியம் பெறும் தொழிலைச் செய்தார். அத்தொழில் முடிந்ததும் வேறொரு வாழ்வைத் தேர்ந்தார். யாழ்ப்பாணம், சேலம், சென்னை, கோவை, இராமேசுவரம் என்னும் இடப்பெயர்வுகள் அனைத்தையும் அவர் எடுத்த முடிவுகளின் தொடர்ச்சியாகவே வாசிக்க முடியும்.

படச்சுருளின் இயல்பும் இங்குக் கருதத்தக்கது. அக்காலப் படங்கள் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருளில் பதிவாயின. ஓடி முடிந்த சுருள்கள் அவற்றிலுள்ள வெள்ளிக்காக அழிக்கப்பட்டதும் உண்டு. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் 1964இல்தான் நிறுவப்பட்டது. அதற்குள் முதல் பேசும்படமான ‘காளிதாஸ்’ உள்ளிட்ட பல படங்கள் மறைந்துவிட்டன. காற்றுக்கும் மழைக்கும் இடிக்கும் அழியாத பாவையை நற்றிணை பாடியது. திரைப்பாவையோ வெப்பத்துக்கும் ஈரப்பதத்துக்கும் அழிவது. பாட்டுப்புத்தகங்கள், இசைத்தட்டுகள், சுவரொட்டிகள், இதழ் விளம்பரங்கள் ஆகியவை இன்று நடிகையர் வரலாற்றின் முதன்மைச் சான்றுகளாகின்றன. இவற்றுள் பெரும்பாலானவை நிறுவனங்களின் குரலில் பேசுபவை. அவற்றை வாசிப்போர் யார் பேசுகிறார், யார் பேசப்படுகிறார் என்னும் வேறுபாட்டைப் பேணாவிடில் விளம்பரத்தின் பார்வையே வரலாற்றின் பார்வையாகிவிடும். நீச்சலுடைச் செய்திக்கு நேர்ந்தது அதுவே. இசைத்தட்டில் பதிவான குரலைவிட விளம்பரத்திற்கு எடுத்த ஒரு நிழற்படமே மிகுதியாக நினைக்கப்படுகிறது.

9. முடிவுரை

கொல்லிப்பாவை குறித்த சங்கப் பாடல்களை அளவுகோலாகக் கொண்டு தவமணி தேவியின் திரைவாழ்வை ஆராய்ந்ததில் பின்வருவன பெறப்படுகின்றன.

முதலாவதாக, அகலிகை முதல் ‘ராஜகுமாரி’யின் எதிர்நாயகி வரை அவர் ஏற்ற வேடங்கள் மயக்கும் பெண்ணுரு என்னும் ஒரே படிமத்தின் வளர்ச்சிநிலைகள். ஹாலிவுட் தாக்கத்தோடு தமிழ் இலக்கிய, நாடக மரபின் படிமங்களும் அவற்றில் செயற்பட்டுள்ளன.

இரண்டாவதாக, 1937க்கும் 1947க்கும் இடையில் பத்தினியும் மயக்கும் பெண்ணும் ஓருருவினின்று ஈருருவாகப் பிரிந்தனர். வீரநாயகப் படவகையின் எழுச்சியோடு நிகழ்ந்த இப்பிரிவினையைத் தவமணி தேவியின் வேடங்கள் தெளிவாகக் காட்டுகின்றன.

மூன்றாவதாக, நடிகையைக் குறித்த அலர்ச் செய்திகளைப் படமுதலாளி, இதழாளர், நடிகை என்னும் மூவரின் செயல்களாகப் பிரித்து வாசிக்கும்போது, விளம்பரத்தின் ஆதாயமும் பழியும் வெவ்வேறு இடங்களுக்குச் சென்றமை வெளிப்படுகிறது.

நான்காவதாக, இசைப்பயிற்சி, நடனப்பயிற்சி, சொந்தக்குரலில் பாடுதல், உடையமைப்பில் பங்கேற்றல் ஆகியன அவரைத் தம் திரையுருவின் ஆக்கத்தில் பங்குகொண்ட கலைத்தொழிலாளராகக் காட்டுகின்றன.

நற்றிணைத் தலைவன் பாவையிடம் தன் நோயைக் கண்டான். பரணரோ பாவையின் கையில் உலக்கையையும் வாயில் பாட்டையும் கண்டார். அவள்மீது எழுந்த அலரை ஊரின் அறியாமை என்றும் காட்டினார். தொடக்ககாலத் தமிழ் நடிகையரின் வரலாற்றை எழுதுவோர்க்குப் பரணரின் பார்வை வழிகாட்டத்தக்கது. பாட்டுப்புத்தகங்களையும் இசைத்தட்டுகளையும் நிறுவனக் கணக்கேடுகளையும் அப்பார்வையில் ஆராய்ந்தால், தவமணி தேவியைப் போலப் பெயரளவில் எஞ்சிய பிற நடிகையரின் உழைப்பும் வெளிப்பட வாய்ப்புண்டு.